வீடியோ ஆதாரமே இருக்கும்போது டாக்குமெண்டரி எதுக்கு?

கேள்விய முதல்ல சுருக்கமா சொல்லிடறேன். உள்நாட்டுப் போர், இனப்படுகொலை பத்தி உலகம் பூரா இவ்ளோ டாக்குமெண்டரி வந்துருச்சே, அதனால எவனாவது ஜெயிலுக்குப் போனானா, எதாவது மாறுச்சா? இப்போ எல்லார் கைலயும் ஃபோன் இருக்கு, நடக்க நடக்கவே வீடியோ வந்துடுது, அப்புறம் ஒருத்தர் பத்து வருஷம் மெனக்கெட்டு ஒரு படம் எடுக்கறதுல என்ன இருக்கு? இதுதான் கேட்டிருக்கீங்க. கூடவே எத பாக்கலாம்னும் கேட்டிருக்கீங்க, அத கடைசில சொல்றேன்.

ஃபோன் வீடியோல இருந்தே ஆரம்பிக்கலாம், நமக்கு பக்கத்துல இலங்கைப் போர்ல நடந்தத வெச்சே. 2009 ஆகஸ்ட்ல பிரிட்டன்ல சேனல் 4 ஒரு வீடியோவ காட்டுச்சு. துணி இல்லாம, கண்ணையும் கையையும் கட்டி வெச்சிருக்கற ஆளுங்கள பின்னாடி இருந்து சுடறாங்க. இத எந்த நிருபரும் எடுக்கல, சுட்ட பக்கம் நின்னவங்களே ஞாபகார்த்தமா எடுத்து வெச்சுக்கிட்டது, அது கை மாறி கை மாறி, நாட்ட விட்டு வெளியேறுன பத்திரிகையாளர்களோட அமைப்பு மூலமா வெளிய வந்துச்சு. இலங்கை அரசு உடனே போலின்னு சொல்லிடுச்சு. 2010 ஜனவரில ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் ஃபிலிப் ஆல்ஸ்டன் தடயவியல், துப்பாக்கி, வீடியோன்னு தனித்தனி நிபுணர்கள வெச்சு ஆராய்ஞ்சு, நிஜம்னுதான் தெரியுதுன்னு அறிக்கை விட்டாரு. சண்டை அதோட நின்னுச்சான்னா இல்ல. அந்த கால் ஏன் அசையுது, சத்தம் ஏன் பொருந்தலன்னு மாசக்கணக்குல ஓடுச்சு. ஒரு கொலைய நேர்ல பாத்த மாதிரி காட்டியும் பேச்சு மொத்தமும் வீடியோவ பத்தியே சுத்துது, செத்தவன் யாரு, எதுக்கு செத்தான்னு யாரும் கேக்கல. தனி கிளிப்போட தலையெழுத்து பெரும்பாலும் இதுதான்.

அப்புறம் 2011 ஜூன்ல அதே சேனல்ல கேலம் மக்ரே இயக்கத்துல ஒரு மணி நேரப் படம் வந்துச்சு, அதோட தொடர்ச்சியா 2013ல 'நோ ஃபயர் ஸோன்'. அதுலயும் இதே கிளிப்புங்க இருக்கு, ஆனா படம் அங்க இருந்து கிளம்பல. 2008 செப்டம்பர்ல இருந்து வருது. கிளிநொச்சில இருந்து ஐ.நா. ஊழியர்கள் கிளம்பும்போது கேட்டுக்கு வெளியில ஜனங்க நின்னு எங்கள விட்டுட்டு போகாதீங்கன்னு கெஞ்சறாங்க, உள்ள இருந்தவங்களே அத கேமரால எடுத்திருக்காங்க. அதுக்கப்புறம் அரசாங்கமே பாதுகாப்பு வலயம்னு அறிவிச்ச இடத்துல குண்டு விழுது, ஆஸ்பத்திரில விழுது, வலயம் சுருங்கி சுருங்கி கடைசில கடற்கரைல போய் நிக்குது. இத வரிசையா பாத்துட்டு அந்த ஃபோன் வீடியோவுக்கு வரும்போது, யாரோ ரெண்டு வெறி பிடிச்ச சிப்பாய் பண்ணதுன்னு சொல்லி கை கழுவ முடியாது. கிளிப்ப மறுக்கறது ஈஸி, வரிசைய மறுக்கறது ரொம்ப கஷ்டம். அதனாலதான் 2011 ஆகஸ்ட்ல இலங்கை பாதுகாப்பு அமைச்சும் அந்த முதல் படத்துக்கு பதிலா ஒரு டாக்குமெண்டரி எடுத்து வெளியிட்டுச்சு. வெறும் அறிக்கை போதாதுன்னு அவங்களுக்கே தெரிஞ்சிருக்கு.

கடைசி மாசங்கள்ல பொதுமக்கள் 40,000 பேர் வரைக்கும் செத்திருக்கலாம்னு 2011ல ஐ.நா. நிபுணர் குழு சொல்லுச்சு, 2012ல வந்த ஐ.நா. உள் ஆய்வு 70,000 பேருக்கு மேல என்ன ஆனாங்கன்னே கணக்கு இல்லன்னு சொல்லுச்சு. ஒரு எண்ணிக்கைக்கே இவ்ளோ வித்தியாசம் இருக்கற எடத்துல படம் என்ன பண்ணும்னா, நம்பர் சண்டைய ஓரம் கட்டிட்டு ஒரு ஆள கொண்டு வந்து உக்கார வெக்கும். 2013 பிப்ரவரில விடுதலைப் புலிகள் தலைவர் பிரபாகரனோட பையன் பாலச்சந்திரனோட ரெண்டு போட்டோ வெளிய வந்தது ஞாபகம் இருக்கும், ஒண்ணுல பையன் பங்கர்ல உக்காந்து எதோ சாப்ட்டுட்டு இருக்கான், இன்னொண்ணுல நெஞ்சுல குண்டோட கிடக்கான். தமிழ்நாட்டு காலேஜ் பசங்க ரோட்டுக்கு வந்தது அதுக்கு அடுத்த மாசம். நூறு பக்க அறிக்கை பண்ணாதத ரெண்டு போட்டோ பண்ணுச்சு, ஒத்துக்கறேன், ஆனா அந்த சூடு எவ்ளோ நாள் நின்னுச்சுன்னும் யோசிச்சுப் பாருங்க.

கோர்ட்டு பக்கம் வருவோம், ஜெயிலுக்கு எவனாவது போனானான்னுதான கேட்டீங்க.

போஸ்னியால ஸ்ரெப்ரெனிட்சா படுகொலை 1995 ஜூலைல நடந்துச்சு. ஸ்கார்ப்பியன்ஸ்னு ஒரு செர்பிய ஆயுதக்குழு ஆறு போஸ்னிய முஸ்லிம்கள, அதுல சிலர் சின்ன பசங்க, கூட்டிட்டுப் போய் சுடறத அவங்களே வீடியோ எடுத்து வெச்சிருந்தாங்க. அது பத்து வருஷம் கழிச்சு, 2005 ஜூன்ல, ஹேக் நகரத்துல செர்பியாவோட முன்னாள் ஜனாதிபதி மிலோசெவிச் மேல நடந்த போர்க்குற்ற விசாரணைல ஓடுச்சு, செர்பியா டிவிலயும் போட்டாங்க, சில நாள்லயே கைது ஆரம்பிச்சுது. இது சுத்தமான ஆதாரக் கதை, டாக்குமெண்டரி இல்ல.

ஆனா குவாத்தமாலா கதை டாக்குமெண்டரிக் கதை, எனக்கு ரொம்ப பிடிச்சதும் அதுதான். அங்க 1960ல இருந்து 1996 வரைக்கும் உள்நாட்டுப் போர், 2 லட்சம் பேர் செத்தாங்க இல்ல காணாமப் போனாங்கன்னு உண்மை ஆணையம் சொல்லுச்சு, அதுல பெரும்பாலானவங்க மாயா பழங்குடி மக்கள். 1982ல பமேலா யேட்ஸ்னு ஒரு இளம் அமெரிக்க டைரக்டர் அங்க போய் மலையில கொரில்லாப் போராளிகளையும் எடுத்தாங்க, அப்போதான் ராணுவப் புரட்சி பண்ணி ஆட்சிய பிடிச்ச ஜெனரல் ரியோஸ் மோன்ட்டையும் பேட்டி எடுத்தாங்க. படம் 1983ல வந்துச்சு. அந்தப் பேட்டில ஒரு துண்டு படத்துல சேக்காம வெட்டிப் போட்டது. கிராமங்கள்ல ராணுவம் அட்டூழியம் பண்ணுதாமேன்னு கேட்டதுக்கு அந்த மனுஷன் மறுக்கறாரு, மறுத்துட்டு, ராணுவத்த என்னால கட்டுப்படுத்த முடியலன்னா அப்புறம் நான் இங்க எதுக்கு உக்காந்திருக்கேன்ங்கற மாதிரி ஒரு பந்தாவா சொல்றாரு. அன்னிக்கு அது வெத்து வீராப்பு, அவ்ளோதான். அதான் படத்துக்கு தேவைப்படல.

இருபத்தஞ்சு வருஷத்துக்கு மேல ஆனப்புறம், இனப்படுகொலை வழக்கு நடத்துற வக்கீல்கள் பழைய ஃபுட்டேஜ் எதாவது இருக்கான்னு கேக்கறாங்க, யேட்ஸ் பழைய ரீல் பெட்டிங்கள திறந்து ஒண்ணொண்ணா பாக்கறாங்க, இந்தத் துண்டு கிடைக்குது. வழக்குல தீர்க்க வேண்டிய முக்கியமான கேள்வியே, கீழ இருக்கற சிப்பாய் பண்ணதுக்கு மேல இருக்கறவரு பொறுப்பா இல்லையாங்கறதுதான். ராணுவம் என் கைலதான் இருக்குன்னு அவரே கேமரா முன்னாடி சொல்லி வெச்சிருக்காரு! 2013ல குவாத்தமாலா கோர்ட்லயே அது ஓடுச்சு, மே 10ஆம் தேதி 80 வருஷ தண்டனை குடுத்தாங்க. இந்தத் தேடலையே யேட்ஸ் 'கிரானிட்டோ'ன்னு 2011ல தனிப்படமா எடுத்துட்டாங்க, தீர்ப்புக்கு முன்னாடியே. இங்க ஒரு கசப்பும் இருக்கு, பத்தே நாள்ல அரசியல் சாசன கோர்ட்டு தீர்ப்ப ரத்து பண்ணிடுச்சு, மறு விசாரணை இழுத்து இழுத்து, 2018ல அந்தாளு தீர்ப்பு இல்லாமலே செத்துப் போயிட்டாரு. ஆனா அந்த விசாரணைல இக்ஸில் இனப் பெண்கள் நேர்ல வந்து கோர்ட்ல பேசுனது பதிவாயிடுச்சு, அத எந்த கோர்ட்டாலயும் ரத்து பண்ண முடியாது.

இதுல இருந்து படம் எடுக்கறவங்களுக்கு நான் சொல்ற ஒரே விஷயம், வெட்டிப் போட்ட ஃபுட்டேஜ தூக்கிப் போடாதீங்க, தேதி, இடம், யார் எடுத்தாங்கங்கறத அன்னிக்கே எழுதி வைங்க. நாஜிகள் பண்ண யூத இனப்படுகொலை பத்தின 'ஷோவா' படத்துல வராத 200 மணி நேரத்துக்கு மேலான ஃபுட்டேஜ் வாஷிங்டன்ல ஹோலோகாஸ்ட் மியூசியத்துல இருக்கு, ஆராய்ச்சி பண்றவங்க படத்த விட அதத்தான் அதிகமா புரட்டறாங்களோன்னு எனக்கு சந்தேகம். மறுபக்கம் சிரியாவ பாருங்க, சாதாரண ஜனங்க உயிர பணயம் வெச்சு எடுத்து யூடியூப்ல ஏத்துனத 2017ல கம்பெனியோட புது அல்காரிதம் வன்முறை வீடியோன்னு சொல்லி கூட்டம் கூட்டமா அழிச்சுது. பிரதி எடுத்து வெக்கறதுக்குன்னே சிரியன் ஆர்க்கைவ் மாதிரி ஆளுங்க உக்காந்தாங்க. ஃபோன்ல இருக்கு, நெட்ல இருக்கு, போதும்னு நினைக்கறது சரிப்பட்டு வராது.

சரி, இதெல்லாம் ஆதாரம். கோர்ட்டும் இல்ல, தண்டனையும் இல்ல, கொன்னவனும் பொழைச்சவனும் ஒரே ஊர்ல இருக்கான்னு வெச்சுக்கோங்க, அங்க படம் என்ன பண்ணும்? என்னப் பொறுத்தவரைக்கும் டாக்குமெண்டரியோட நிஜமான வேலையே இங்கதான் இருக்கு. பதில் சொல்ல வேண்டிய அவசியமே இல்லாம நிம்மதியா இருக்கற ஒருத்தன, பதில் சொல்லியே ஆகணும்ங்கற எடத்துல கொண்டு போய் நிறுத்தறது. அதுக்கு வருஷக்கணக்கா ஆகும், ஃபோன் வீடியோவால முடியாததும் அதுதான்.

கம்போடியாவுல 1975 ஏப்ரல்ல இருந்து 1979 ஜனவரி வரைக்கும் க்மெர் ரூஜ்ங்கற கம்யூனிஸ்ட் இயக்கத்தோட ஆட்சி, 17 லட்சத்துல இருந்து 20 லட்சம் பேர் வரைக்கும் செத்தாங்க. ரித்தி பான் அப்போ சின்னப் பையன், குடும்பத்துல பெரும்பாலானவங்கள பறிகுடுத்துட்டு பிரான்ஸுக்குப் போய் சினிமா படிச்சவரு. 2003ல 'எஸ்-21'ன்னு ஒரு படம் எடுத்தாரு. எஸ்-21ங்கறது நோம்பென்ல ஒரு ஸ்கூல்ல இயங்குன சித்திரவதை ஜெயில், 14,000 பேருக்கு மேல உள்ள போனாங்க, உயிரோட வந்தவங்கள விரல் விட்டு எண்ணிடலாம். அதுல ஒருத்தர் வான் நாத், பெயிண்டர், க்மெர் ரூஜ் தலைவர் போல் பாட்டோட படம் வரைய ஆள் வேணும்னு உயிரோட விட்டு வெச்சாங்க. அவரையும் அங்க வேலை பாத்த பழைய காவலாளிகளையும் அதே கட்டடத்துக்கு கூட்டிட்டு வந்து ஒரே மேஜைல உக்கார வெக்கறாரு பான். வான் நாத் கத்தல, திட்டல. அவங்க எழுதி வெச்ச ரெக்கார்ட கைல வெச்சுக்கிட்டு, வாத்தியார் கணக்கு கேக்கற மாதிரி, இத எழுதுனது நீதான, அப்போ என்ன நினைச்சுட்டு எழுதுனன்னு கேக்கறாரு. நாங்களும் பாதிக்கப்பட்டவங்கதான், மேல இருந்து ஆர்டர், பண்ணலன்னா எங்கள கொன்னுருப்பாங்கன்னு சொல்றாங்க. நீங்களும் பாதிக்கப்பட்டவங்கன்னா செத்தவங்க யாருன்னு திருப்பிக் கேக்கறாரு. அதுக்கப்புறம் அந்த ரூம்ல யாருக்கும் பேச்சு வரல.

அந்தப் படத்துல ஒரு காட்சி, இந்த வகை சினிமாவுல நான் பாத்ததுலயே பெருசு அதுதான்னு சொல்லுவேன். ஒரு பழைய காவலாளிக்கு தான் என்ன பண்ணேன்னு வாயால ஒழுங்கா சொல்ல வரல. சரி, செஞ்சு காட்டுன்னு விடறாங்க. காலி ரூம். கைதி யாரும் இல்ல. ஆளு வராந்தால நடக்கறான், பூட்ட ஆட்டிப் பாக்கறான், உள்ள போறான், தரைல இல்லாத ஆளப் பாத்து உக்காருடான்னு அதட்டறான், ஒருத்தனுக்கு ஒண்ணுக்குப் போக டப்பா எடுத்துட்டு வர்றான், வெளிய வந்து மறுபடி பூட்டறான், ஜன்னல் வழியா எட்டிப் பாத்து கத்தறான். சின்ன வயசுல தினமும் பண்ண வேலை, உடம்பு மறக்கல. குரலே மாறிடுது. கேமரா அவன் பின்னாடியே போகுது ஆனா வாசல்லயே நின்னுடுது, ரூமுக்குள்ள போகல. உள்ள போனா படுத்திருக்கற கைதிங்கள மிதிக்கற மாதிரி ஆயிடும்னு பான் ஒரு பேட்டில சொன்னாரு. இதுக்கு மேல ரத்தம் காட்டணுமா என்ன? ஒரு பொணம் கூட இல்லாத காட்சி அது.

இந்தோனேசியா இன்னும் விபரீதம். 1965–66ல கம்யூனிஸ்ட்னு முத்திரை குத்தி 5 லட்சத்துல இருந்து 10 லட்சம் பேர் வரைக்கும் கொன்னாங்க, கொன்னவங்க தோக்கவே இல்ல, அவங்களே ஆட்சில, பதவில, பணத்துல இருந்தாங்க. சுஹார்ட்டோ அரசு 1984ல கம்யூனிஸ்ட் துரோகம்னு நாலு மணி நேரத்துக்கும் மேல ஓடற ஒரு படம் எடுத்து, வருஷா வருஷம் செப்டம்பர் 30ஆம் தேதி டிவில போட்டு, ஸ்கூல் பிள்ளைங்கள உக்கார வெச்சு காட்டுச்சு. ஒரு தலைமுறைக்கே இதுதான் சரித்திரம். டைரக்டர் ஜோஷுவா ஓப்பன்ஹைமர் முதல்ல பொழைச்சவங்களத்தான் எடுக்கப் போனாரு, ராணுவம் அவங்கள மிரட்டுச்சு. அப்போ அவங்களே சொன்னாங்களாம், எங்கள விடுங்க, கொன்னவங்ககிட்ட போய் கேளுங்க, அவங்க நெஞ்ச நிமித்திட்டு சொல்லுவாங்கன்னு. அப்படி ஒவ்வொருத்தரா எடுத்துட்டு வந்து 41வது ஆளா கிடைச்சவர்தான் மேடான் ஊர் அன்வர் கோங்கோ.

'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' 2012ல வந்துச்சு. அன்வர் ஒரு மொட்டை மாடிக்கு கூட்டிட்டுப் போறாரு, இங்கதான் கொன்னோம், முதல்ல அடிச்சுக் கொன்னோம், ரத்தம் ஜாஸ்தியாச்சு, நாத்தம், அதனால கம்பி வெச்சு கழுத்த இறுக்குனோம்னு கூட வந்தவர உக்கார வெச்சு செஞ்சு காட்டிட்டு, சா-சா-சா டான்ஸ் ஆடறாரு. அடுத்து ஓப்பன்ஹைமர் அந்த ஃபுட்டேஜ அவருக்கே போட்டுக் காட்டறாரு. என்ன சொல்லப் போறாரோன்னு நமக்கு பதறுது. அவருக்கு பிடிக்காதது எது தெரியுமா, தன்னோட வெள்ளை பேண்ட்! கொலை பண்ணும்போது நான் இப்படியா டிரஸ் பண்ணுவேன், பிக்னிக் போற மாதிரி இருக்குன்னு குறை சொல்றாரு. அப்போ டிரஸ் மாத்தி, முடிக்கு சாயம் அடிச்சு, ஹாலிவுட் கேங்ஸ்டர் படம் மாதிரி தன்னோட கொலைங்கள நடிச்சு எடுக்க ஆரம்பிக்கறாரு, ஒரு காட்சில தானே பலியாள் வேஷம் போட்டு கழுத்துல கம்பி மாட்டிக்கறாரு, அங்கதான் மனுஷன் ஆடிப் போறாரு. கடைசில அதே மாடிக்கு வந்து வாந்தி வர மாதிரி ஓங்கரிச்சு ஓங்கரிச்சு நிக்கறாரு. இத மனந்திருந்தல்னு சிலர் எழுதுறாங்க, நான் அப்படி பாக்கல, நடிப்பு எங்க முடியுது நிஜம் எங்க ஆரம்பிக்குதுன்னு அவருக்கே தெரியாது. அத தீர்ப்பு சொல்லாம விட்டதுதான் படத்தோட நேர்மை.

அந்தப் படத்தோட கடைசில பேர் ஓடும்போது கவனிங்க. கோ-டைரக்டர்ல இருந்து டிரைவர், மேக்கப் வரைக்கும் 'அனானிமஸ்', 'அனானிமஸ்', 'அனானிமஸ்'னு ஓடும். இந்தோனேசிய ஆளுங்க பேர் போட்டா உயிருக்கு ஆபத்து. நாட்டுக்குள்ள ரகசியமா காட்டுனாங்க, டெம்போ பத்திரிகை 2012லயே கொன்னவங்களோட வாக்குமூலமா ஒரு ஸ்பெஷல் இதழ் போட்டுச்சு. 2014ல 'தி லுக் ஆஃப் சைலன்ஸ்', இதுல பாதிக்கப்பட்ட பக்கம். ஆதின்னு ஒருத்தர், கண்ணாடி செஞ்சு குடுக்கறவரு, அண்ணன் செத்தப்புறம் பொறந்தவரு. அண்ணன கொன்னவங்க வீடு வீடா போய் கண்ணு டெஸ்ட் பண்ணிக்கிட்டே கேள்வி கேக்கறாரு. லென்ஸ் மாத்தி மாத்தி போட்டு இப்போ தெளிவா தெரியுதான்னு கேட்டுட்டு அடுத்த கேள்வி அண்ணனப் பத்தி. ஒரு வீட்ல கொன்னவரோட மகளுக்கு அப்பா என்ன பண்ணாருங்கறதே அங்கதான் முதல் தடவையா தெரியுது, அந்தப் பொண்ணு ஆதிகிட்ட மன்னிப்பு கேக்குது. 2023 ஜனவரில ஜனாதிபதி ஜோகோவி 1965 உட்பட பழைய மனித உரிமை மீறல்களுக்கு வருத்தம் தெரிவிச்சாரு. அது படத்தாலன்னு நான் சொல்ல மாட்டேன், அங்க பாதிக்கப்பட்டவங்க குடும்பங்க பல வருஷமா தெருவுல நின்னு போராடுனாங்க, ஆனா வாயே திறக்கக் கூடாதுன்னு இருந்த பேச்சு வெளிய வந்ததுல படத்துக்கு பங்கு உண்டு. யாரும் ஜெயிலுக்கு போகல. அன்வர் 2019ல செத்துட்டாரு.

இப்போ ஒரு சங்கடமான விஷயம். சாட்சி வாங்கறேன்னு ஒரு மனுஷன எவ்ளோ தூரம் நெருக்கலாம்? கிளாட் லான்ஸ்மேனோட 'ஷோவா' 1985ல வந்தது, ஒன்பதரை மணி நேரம், ஒரு ஃப்ரேம் கூட பழைய ஆவணக் காட்சி இல்ல, எல்லாம் பேசறதும் இடத்த காட்டறதும்தான். ஆப்ரஹாம் போம்பாவ, ட்ரெப்ளிங்கா முகாம்ல சாகப் போற பெண்களுக்கு முடி வெட்ட வெச்சாங்க. பின்னாடி சலூன் தொழில்ல இருந்து ரிடையர் ஆனவர, டெல் அவிவ்ல ஒரு சலூன வாடகைக்கு எடுத்து, கைல கத்திரி குடுத்து, ஒருத்தருக்கு முடி வெட்டிக்கிட்டே பேச சொல்றாரு லான்ஸ்மேன். கூட வேலை பாத்த ஒரு நண்பரோட பொண்டாட்டியும் தங்கச்சியும் அங்க உள்ள வந்தத சொல்ல வரும்போது போம்பாவுக்கு வாய் அடைச்சுப் போகுது. வேணாம், விட்டுருங்கன்னு கெஞ்சறாரு. லான்ஸ்மேன் விடல, சொல்லியே ஆகணும், நமக்கு வேற வழியில்லன்னு சொல்றாரு. கேமரா ஓடிட்டே இருக்கு. நான் இத நியாயம்னு சொல்ல மாட்டேன். போம்பா பேச ஒத்துக்கிட்டு வந்தவரு, அதுக்கு முன்னாடியே லான்ஸ்மேனோட நிறைய பேசினவரு, அதனால அங்க எதோ ஒரு உரிமை இருந்துச்சு. அத பாத்துட்டு, நேத்து பிள்ளைய பறிகுடுத்த அம்மா மூஞ்சில மைக்க நீட்டற ரிப்போர்ட்டர் தானும் அதே வேலைதான் பண்றேன்னு சொன்னா அத ஏத்துக்க மாட்டேன். நாஜி பக்கத்து ஆளுங்ககிட்ட மட்டும் அவர் பொய் சொல்லி, ஒளிச்சு வெச்ச கேமரால எடுத்தாரு, ஒரு தடவை மாட்டிக்கிட்டு அடி வாங்கி ஆஸ்பத்திரில படுத்தாரு. அதுல எனக்கு ஒரு வருத்தமும் இல்ல.

சிரியால அபூநத்தாரான்னு பேர் சொல்லாத ஒரு குழு 2011ல இருந்து வாராவாரம் வெள்ளிக்கிழமை ஒரு குட்டிப் படம் போட்டாங்க, பொணத்த காட்டறதே இல்லன்னு கொள்கை. செத்த எங்க ஆளுங்களுக்கும் மரியாதையான உருவம் வேணும்னு கேட்டாங்க. உங்க ஊர்ல குண்டு வெடிச்சா பொணத்த மறைச்சு காட்டறீங்க, எங்க ஊர்ல மட்டும் ஏன் க்ளோசப்புங்கற அந்த கேள்விக்கு இன்னி வரைக்கும் எந்த சேனலும் ஒழுங்கா பதில் சொல்லல.

படமே இல்லன்னா என்ன பண்றது? ரித்தி பான் 2013ல 'தி மிஸ்ஸிங் பிக்சர்' எடுத்தாரு. க்மெர் ரூஜ் எடுத்த பிரச்சாரப் படம்தான் மிச்சம் இருக்கு, அதுல எல்லாரும் சுறுசுறுப்பா மண்ணு சுமக்கறாங்க. தன் குடும்பம் பட்டினி கிடந்தத எவனும் படம் எடுக்கல. அதனால களிமண்ணுல பொம்மை செஞ்சு, சாயம் பூசி, வயல்ல வரிசையா நிக்க வெச்சு கதைய சொல்லிட்டாரு. பொம்மைங்க அசையவே அசையாது. கான் விழால பரிசு வாங்குச்சு.

சிலி பத்தி சொல்லாம விட முடியாது. பத்ரிசியோ குஸ்மானோட 'தி பேட்டில் ஆஃப் சிலி', 1973ல சான்டியாகோ தெருவுல ஒரு சின்ன டீமோட எடுத்தது, ஃபிலிம் ரோல் வாங்க வழியில்லாம பிரான்ஸ்ல இருந்து டைரக்டர் கிரிஸ் மார்க்கர் அனுப்பி வெச்ச ஸ்டாக். செப்டம்பர் 11 ராணுவப் புரட்சிக்கு அப்புறம் குஸ்மான ஸ்டேடியத்துல அடைச்சு வெச்சாங்க, ஃபுட்டேஜ் மட்டும் ஸ்வீடன் தூதரகம் வழியா வெளிய போய், கியூபால எடிட் ஆச்சு, 1975ல இருந்து 79 வரைக்கும் மூணு பாகமா வந்துச்சு. கேமராமேன் ஹோர்ஹே முல்லர் சில்வாவ 1974 நவம்பர்ல பிடிச்சுட்டுப் போனாங்க, திரும்பி வரவே இல்ல. 1997ல குஸ்மான் திரும்பிப் போய் காலேஜ் பசங்களுக்கு இந்தப் படத்த காட்டறாரு, அத வெச்சே இன்னொரு படம். புரட்சி நடந்தது நல்லதுக்குத்தான்னு வாதாடிட்டு இருந்த பசங்க, படம் முடிஞ்சப்புறம் பேச்சு வராம தேம்பறாங்க. கால் நூற்றாண்டா வீட்லயும் ஸ்கூல்லயும் யாரும் சொல்லாதத ஒரு படம் சொல்லிடுச்சு. நீங்க கேட்ட எதாவது மாறுச்சாங்கறதுக்கு நான் காட்டற காட்சி அதுதான், கோர்ட்டு தீர்ப்ப விட.

கடைசியா ஒண்ணு, இதுக்கு திட்டு விழும்னு தெரிஞ்சே சொல்றேன். அடுத்தவன் நமக்குப் பண்ணத எடுக்கற படத்த கொண்டாடறது சுலபம், நம்ம ஆளுங்க நம்ம ஆளுங்களுக்கே பண்ணத எடுத்தா என்ன ஆகுதுன்னு பாருங்க. ஜூட் ரட்ணம்னு ஒரு இலங்கைத் தமிழர், 1983 ஜூலைல குழந்தையா ரயில் ஏறி வடக்க தப்பிச்சுப் போனவரு, 'டீமன்ஸ் இன் பாரடைஸ்'னு 2017ல ஒரு படம் எடுத்தாரு, கான்ல காட்டுனாங்க. சிங்கள வன்முறையும் இருக்கு, தமிழ் இயக்கங்க ஒண்ண ஒண்ணு அழிச்சதும் இருக்கு. 2018 யாழ்ப்பாணம் திரைப்பட விழால எதிர்ப்பு வந்து படத்த தூக்கிட்டாங்க. படத்து மேல எனக்கும் கேள்வி இருக்கு, அரசோட வன்முறையையும் இயக்க வன்முறையையும் ஒரே தட்டுல வெச்சுட்டாரோன்னு தோணும். அத படம் முடிஞ்சு அதே ஹால்ல அவர நிக்க வெச்சு கேட்டிருக்கணும். இந்தியால 'நோ ஃபயர் ஸோன்'க்கு சென்சார் சர்டிஃபிகேட் குடுக்காதப்போ நாம கத்துனோமே, மலேசியால அத திரையிட்டதுக்கு ஒரு பெண் மேல கேஸ் போட்டு அபராதம் விதிச்சப்போ கொதிச்சோமே, அதே நியாயம்தான இதுக்கும்.

எத பாக்கலாம்னா, முதல்ல 'தி மிஸ்ஸிங் பிக்சர்', ஒன்றரை மணி நேரம்தான், பிடிச்சா அடுத்து 'எஸ்-21'. 'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' ரெண்டு வெர்ஷன் இருக்கு, 159 நிமிஷம் ஓடற டைரக்டர்ஸ் கட்ட பாருங்க, தியேட்டருக்குன்னு வெட்டுனதுல அன்வர் மெல்ல மெல்ல மாறறது சரியா பிடிபடாது. அத பாத்த ஒரு வாரத்துக்குள்ள 'தி லுக் ஆஃப் சைலன்ஸ்' பாத்துடுங்க, இல்லன்னா கொன்னவங்க மூஞ்சி மட்டும்தான் மனசுல நிக்கும். 'ஷோவா'வ ஒரே நாள்ல பாக்கறேன்னு வீம்பு பண்ணாதீங்க, நாலு சாயங்காலமா பிரிச்சுக்கோங்க. சிலி படத்துக்கு மட்டும் அந்த ராணுவப் புரட்சில கவிழ்ந்த ஜனாதிபதி அலெண்டேவோட ஆட்சி பத்தி ஒரு பத்து நிமிஷம் படிச்சுட்டு உக்காருங்க, முதல் பாகம் பூரா ஊர்வலமும் வாக்குவாதமும்தான், யாரு எந்தப் பக்கம்னு தெரியலன்னா அரை மணி நேரத்துல தூக்கம் வந்துடும்.